கட்டை இறங்கிய ராஜா

திண்டிவனத்திலிருந்து செஞ்சிக்குப் போகும் சாலையை விட்டு உள்ளே இறங்கினால் வரும் ஓர் ஊர். அறுவடை முடிந்த கழனியில் கூத்து. மணி நாலு ஆகியிருந்தது. காற்று அசையவில்லை. கண் எரிய, எழுந்து போகப் பார்த்தேன். பக்கத்தில் கோணி விரித்து உட்கார்ந்திருந்த ஆயா சட்டையைப் பிடித்து இழுத்தார். "குந்துப்பா. இனிமேதான் இருக்குது கூத்து."

ராத்திரி பத்து மணிக்குக் கிரீடமும் புஜக்கட்டையும் கட்டி, சலங்கை அதிரச் சுழன்று வந்த அயோத்தி மகாராஜா இப்போது களரி ஓரத்தில் பழங்கம்பளி ஒன்றைப் போர்த்திக்கொண்டு நின்றார். தலை வெறுந்தலை. முகத்துச் சிவப்பு வியர்வையில் பாதி வழிந்திருந்தது. கையில் ஒரு கோல். அவர் இன்னும் வாயே திறக்கவில்லை. ஆயா முந்தானையால் கண்ணைத் துடைக்க ஆரம்பித்துவிட்டார். மூன்று பக்கமும் திரும்பிப் பார்த்தேன். தூங்கிக் கிடந்த பிள்ளைகளைத் தவிர அத்தனை முகமும் ஈரமாக இருந்தது.

அரிச்சந்திரன் கூத்து, மயான காண்டம். கிரீடத்தோடு நாலு மணி நேரம் ஆடியபோது அவரை வேஷக்காரராகத்தான் பார்த்தேன். எல்லாவற்றையும் கழற்றிப் போட்டுவிட்டு நின்றபோதுதான் ராஜாவாகத் தெரிந்தார். இது எப்படி நடக்கிறது என்ற கேள்வி அன்று பிடித்துக்கொண்டது. விடை தேடிப் போனால் மரம், ஒளி, ஒலி, இரவுக் காற்று, தூக்கம் கெட்ட மூளை என்று எங்கெங்கோ இழுத்துப் போகிறது.

கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். பொய் சொல்லாத அரிச்சந்திரன், விசுவாமித்திரருக்குக் கொடுத்த வாக்குக்காக நாட்டைக் கொடுத்துவிட்டு மனைவி சந்திரமதியோடும் மகன் லோகிதாசனோடும் காசிக்குப் போகிறான். பாக்கிக் கடனுக்காக மனைவியையும் மகனையும் காலகண்டையர் என்பவரிடம் விற்கிறான். தன்னை மயானத்துக்கு உரிமையாளனான வீரவாகுவிடம் விற்றுக்கொள்கிறான். பிணம் எரிக்க வருபவர்களிடம் கால்பணமும் முழத்துண்டும் வாங்குவது வேலை. பாம்பு கடித்துச் செத்த மகனைத் தூக்கிக்கொண்டு சந்திரமதி ஒருநாள் அதே மயானத்துக்கு வருகிறாள். ராஜ்யம் போன ஒருவன் அயலூரில் எப்படி வாழ்ந்தான் என்பதுதான் ராத்திரி முழுக்க நடக்கிறது. ராஜ்யம் இருந்த காலம் முதல் இரண்டு மணி நேரத்தோடு முடிந்துபோகும்.

ராஜ்கோட்டில் சிறுவனாக இருந்தபோது பார்த்த அரிச்சந்திர நாடகம் தன்னை எப்படி ஆட்டிப்படைத்தது என்று காந்தி தன் வரலாற்றில் எழுதியிருக்கிறார். 1913-இல் பால்கே எடுத்த முதல் இந்திய முழுநீளக் கதைப்படம் இந்தக் கதைதான். அதற்கு ஐம்பது ஆண்டுகளுக்கு முன்பே, 1863-இல், இலங்கையின் முத்து குமாரசாமி தமிழ் அரிச்சந்திர நாடகத்தை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து லண்டனில் வெளியிட்டார். 1928-இல் விழுப்புரத்தில் பிறந்த சிவாஜி கணேசனும் 1968-இல் திரையில் அரிச்சந்திரனானார்.

விழுப்புரம், திண்டிவனம், செஞ்சி. இந்த மூன்று ஊர்களுக்கும் நடுவே இருக்கிற நிலத்தில் நாடிழந்த ராஜாக்களின் கதைக்குத் தனி இடம் உண்டு. செஞ்சியை ஒட்டிய மேலச்சேரியைத் திரௌபதி அம்மன் வழிபாட்டின் ஆதி இடமாகக் கொண்டாடுகிறார்கள். இங்கே கோடைக்காலத் திருவிழாவில் பகலெல்லாம் பாரதப் பிரசங்கம், இரவெல்லாம் கூத்து. சூதில் எல்லாவற்றையும் தோற்றுக் காட்டுக்குப் போன தருமரின் கதையைத்தான் ஊர்கள் ஆண்டுதோறும் கேட்கின்றன. அதோடு நிஜமாகவே நாடிழந்து வந்த ஒரு ராஜாவையும் இந்த மண் பார்த்திருக்கிறது. 1689-இல் அண்ணன் சம்பாஜியை ஔரங்கசீப் கொன்ற பிறகு, மராத்திய மன்னர் சிவாஜியின் இளைய மகன் ராஜாராம் மாறுவேடத்தில் தப்பி அதே ஆண்டின் இறுதியில் செஞ்சிக் கோட்டைக்கு வந்து சேர்ந்தார். ஜுல்பிகார் கான் தலைமையில் மொகலாயப் படை கோட்டையைச் சூழ்ந்து கிடந்தது, ஏறக்குறைய எட்டு ஆண்டு. 1698 தொடக்கத்தில் கோட்டை விழுமுன் ராஜாராம் வேலூர் வழியாகத் தப்பிப் போனார். 2025-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்த மராத்தியக் கோட்டைகள் பன்னிரண்டில் தமிழ்நாட்டில் இருப்பது அந்த ஒன்றுதான். மாறுவேடம் போட்ட ராஜா ஒருவர் அந்த மலைமேல் இருந்தார் என்பதைத் தெரிந்துகொண்டு இந்த ஊர்க் கூத்துகளைப் பார்த்தால் வேறு மாதிரி இருக்கிறது.

இனி கூத்துக்கு வருவோம். முதலில் கட்டை.

கூத்தாடும் ராஜா அணிகிற நகைகள் மரத்தில் செய்தவை. கிரீடம், தோளில் ஏறும் புஜக்கட்டை, மார்ப்பதக்கம், கன்னக்கதுப்பு எல்லாமே. அவற்றுக்குப் பொதுப்பெயர் கட்டை. அவை அணிந்து ஆடுவது கட்டை வேஷம். பெரும்பாலும் கல்யாண முருங்கை மரத்தில் செதுக்குகிறார்கள். கிளையை ஒடித்து வேலியில் நட்டால் துளிர்த்துவிடும் மரம் அது. சளிக்கு அதன் இலையை அரைத்து அடை சுடுவார்கள். வேகமாக வளர்வதால் அதன் கட்டைக்குள் காற்றிடம் அதிகம். ஒரு கன சென்டிமீட்டர் தேக்கு சுமார் 0.65 கிராம் எடை இருக்கும். கல்யாண முருங்கை அதில் பாதிகூடத் தேறாது.

எடை குறைவு என்பதோடு விஷயம் முடியவில்லை. கூத்தில் ராஜா நின்ற இடத்தில் பம்பரமாகச் சுழல்வார். சுழலும் பொருளில் எடை எங்கே உட்கார்ந்திருக்கிறது என்பதுதான் முக்கியம். முதுகுத்தண்டை அச்சாக வைத்துப் பாருங்கள். அச்சிலிருந்து இரண்டு மடங்கு தள்ளி இருக்கும் ஒரு கிராமைச் சுழற்ற நான்கு மடங்கு பாடுபட வேண்டும். மூன்று மடங்கு தள்ளி இருந்தால் ஒன்பது மடங்கு. புஜக்கட்டை தோளையும் தாண்டி வெளியே விரிந்து நிற்பது. அதைத் தேக்கிலோ பித்தளையிலோ செய்து கட்டிவிட்டால் ஆட்டக்காரரால் சுழலவும் முடியாது. சுழன்றால் தாளம் விழும் இடத்தில் நிற்கவும் முடியாது. அகலமாகவும் தெரிய வேண்டும், எடையும் இருக்கக்கூடாது. இந்தக் கணக்கை எழுதிப் பார்க்காமலேயே நம்மவர்கள் வேலியோரத்து மரத்தைத் தேர்ந்தெடுத்துவிட்டார்கள். எனக்கு இது பெரிய பொறியியல் அறிவாகப் படுகிறது.

கட்டைமேல் சின்னச் சின்னக் கண்ணாடித் துண்டுகளைப் பதித்திருப்பார்கள். ஒரு கண்ணாடியை ஒரு பாகை திருப்பினால் அதில் பட்டுத் தெறிக்கும் ஒளி இரண்டு பாகை திரும்பும். ஆட்டக்காரர் சுழலும்போது தெறிக்கும் கீற்றுகள் அவரைப் போல் இரண்டு மடங்கு வேகத்தில் இருட்டில் வெட்டிப் போகின்றன. ஒவ்வொரு துண்டும் கொஞ்சம் கொஞ்சம் வேறு கோணத்தில் ஒட்டப்பட்டிருப்பதால், உங்களுக்குப் பளிச்சிடும் கணமும் உங்கள் பக்கத்தில் இருப்பவருக்குப் பளிச்சிடும் கணமும் வேறு. நம் விழித்திரையில் நிறம் பார்க்கும் கூம்புச் செல்கள் சுமார் 60 லட்சம். மங்கல் ஒளிக்கென்று இருக்கும் கோல் செல்கள் சுமார் 12 கோடி. அவை பெரும்பாலும் பார்வையின் ஓரங்களில் பரவிக் கிடக்கின்றன. ஓரக்கண்ணுக்கு நிறம் சரியாகத் தெரியாது. மினுக்கலும் அசைவும் உடனே தெரியும். கழனிக் கோடியில் வெற்றிலை மடித்துக்கொண்டிருப்பவரின் தலையையும் அந்தக் கண்ணாடி திருப்பிவிடுகிறது.

முகத்துக்குப் பூசுவதை அரிதாரம் என்கிறோம். அரிதாரம் என்பது உண்மையில் ஒரு தாதுப்பொருளின் பெயர். ஆர்சனிக்கும் கந்தகமும் சேர்ந்த, தங்கம்போல் மஞ்சளான நஞ்சு. இன்று சொல் மட்டும்தான் மிச்சம். பூசுவது வேறு வண்ணப்பொடி. ராஜாவின் முகத்தில் ஓங்கி நிற்பது சிவப்பு. தீவட்டி வெளிச்சத்தில் நீலக்கதிர் மிகக் குறைவு, சிவப்பும் மஞ்சளும்தான் அதிகம். அந்த வெளிச்சத்தில் நீலம் பூசிய முகம் கறுத்துப்போகும், சிவப்பு பூசிய முகம் தணல்போல் எரியும். ஆனால் தூரத்தில் இருட்டில் உட்கார்ந்திருப்பவருக்குச் சிக்கல். கோல் செல்களுக்குச் சிவப்பு அவ்வளவாகப் பிடிபடாது. அவருக்கு அது கறுப்பாக மங்கிவிடும். அதற்காகத்தானோ என்னவோ, அந்தச் சிவப்பின்மேல் புருவத்தையும் கன்னத்தையும் ஒட்டி வெள்ளைப் புள்ளிகளும் கோடுகளும் இழுத்திருக்கிறார்கள். கிட்டே இருப்பவருக்குச் சிவப்பு, எட்ட இருப்பவருக்கு வெள்ளைப்புள்ளி. ஒரே முகம் இரண்டு தூரத்துக்கும் வேலை செய்கிறது.

தீவட்டி போய் கியாஸ் விளக்கு வந்தபோது அதற்குள்ளும் நம் ஊர் மண் இருந்தது. ஆஸ்திரிய வேதியியலர் வெல்ஸ்பாக் உருவாக்கிய அந்த வலைத்திரியில் 99 பங்கு தோரியம் ஆக்சைடு, ஒரு பங்கு சீரியம் ஆக்சைடு. சூடேறினால் வெள்ளையாக ஒளிரும் கலவை. அந்தத் தோரியம் மோனசைட் மணலிலிருந்து கிடைப்பது. 1909-இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானியர் அந்த மணலைக் கண்டறிந்த இடம் குமரிக் கடற்கரையின் மணவாளக்குறிச்சி. அந்த மணல் கப்பலேறி ஜெர்மனிக்குப் போய் விளக்குத்திரியானது.

இனி இன்னொரு கட்டை. பாட்டுக்காரர்கள் சுருதியைச் சொல்லும் கட்டை.

ஆர்மோனியத்தில் முதல் வெள்ளைக் கட்டை ஒன்று, ஐந்தாவது வெள்ளைக் கட்டை ஐந்து, அதற்கடுத்த கறுப்பு ஐந்தரை. ஒலிபெருக்கி வராத காலத்தில் எஸ்.ஜி. கிட்டப்பாவும் கே.பி. சுந்தராம்பாளும் மிக உயர்ந்த கட்டையில் பாடியே கடைசி வரிசை வரை எட்டினார்கள். கூத்துக்கோ சுவரும் இல்லை, கூரையும் இல்லை. திறந்த வெளியில் தூரம் இரண்டு மடங்கானால் ஒலியின் செறிவு கால்பங்காகிவிடும். கூத்துக்காரரின் பதில், குரலையும் முகவீணையையும் உச்சிக்கு ஏற்றுவது. முகவீணை நாதஸ்வரத்தின் சின்னத் தங்கை மாதிரி, கீச்சென்று ஒலிக்கும் சீவாளிக் கருவி.

அந்தக் கீச்சு வேலை செய்வதற்குக் காரணம் நம் காதிலேயே இருக்கிறது. காதுத்துளை ஏறக்குறைய இரண்டரை சென்டிமீட்டர் நீளமுள்ள, ஒரு முனை அடைத்த குழாய். அதுவே ஒரு புல்லாங்குழல். ஒலியின் வேகத்தையும் குழாயின் நீளத்தையும் வைத்துக் கணக்கிட்டால் நொடிக்கு 3,400 அதிர்வுக்குப் பக்கத்தில் அந்தக் குழாய் தானாக அதிரும். அந்த இடத்து ஒலியை நம் காது பெருக்கிக் கேட்கிறது. நொடிக்கு 200 அதிர்வுள்ள கனத்த ஒலி காதில் விழத் தேவைப்படும் ஆற்றலில் நூறில் ஒரு பங்கு இருந்தால் போதும், 3,000 அதிர்வுள்ள ஒலி கேட்டுவிடும். பச்சைக்குழந்தையின் வீறலில் கூர்மையான பகுதி இருப்பதும் அந்த வட்டாரத்தில்தான். சுருதியை ஏற்ற ஏற்ற, குரலின் மேல்சுரங்கள் அந்த இடத்தை நோக்கிப் பலமாகப் போகின்றன.

இதற்கு இரவும் துணை வருகிறது. பகலில் மண் சுட்டுக் கிடக்கும். தரையை ஒட்டிய காற்று சூடு, மேலே போகப் போகக் குளிர்ச்சி. சூடான காற்றில் ஒலி வேகமாகப் போகும், ஒரு பாகை செல்சியஸுக்கு நொடிக்கு 0.6 மீட்டர் அதிகம். அதனால் பகலில் ஒலியலை மேல்நோக்கி வளைந்து வானத்துக்குப் போய்விடுகிறது. மேகமில்லாத, காற்றடங்கிய இரவில் நிலைமை தலைகீழ். மண் தன் சூட்டை வானத்துக்கு விட்டுக் குளிர்ந்துவிடும். தரையோரம் குளிர்ந்த காற்று, அதற்குமேல் வெதுவெதுப்பான காற்று. இப்போது ஒலி மேலே போய்க் கவிழ்ந்து மறுபடி தரைக்கே வரும். வானமே கூரையாகிவிடும். பங்குனி தொடங்கி ஆடி வரை கூத்து நடக்கும் காலத்தில் இப்படிப்பட்ட இரவுகளுக்குப் பஞ்சமில்லை. அடுத்த ஊர்க்காரர்கள் மிருதங்கத்தைக் கேட்டே எந்தக் கட்டம் நடக்கிறது என்று சொல்வது இதனால்தான். விடியலுக்குச் சற்று முன்பு இந்தக் காற்றுக்கூரை நன்றாக இறுகியிருக்கும்.

அந்த நேரத்துக்குத்தான் மயான காண்டம் வருகிறது.

இதை நான் தற்செயல் என்று நினைக்கவில்லை. மனித உடலின் உள்வெப்பம் ஒரு நாளில் மிகத் தாழ்ந்து போவது விடியற்காலை நாலு, ஐந்து மணி வாக்கில். விழிப்பு தளரும் நேரம். 2007-இல் யூ, வாக்கர் முதலிய அமெரிக்க ஆய்வாளர்கள் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். சுமார் 35 மணி நேரம் தூங்காதவர்களுக்கும் நன்றாகத் தூங்கியவர்களுக்கும் மனத்தைக் கலக்கும் படங்களைக் காட்டி மூளையைப் படமெடுத்தார்கள். பயம், துயரம் போன்றவற்றுக்கு முதலில் துள்ளும் அமிக்டலா என்ற பகுதி, தூங்காதவர்களிடம் 60 சதவீதம் அதிகமாகத் துள்ளியது. அதைத் தட்டி அடக்கும் முன்மூளையோடு அதற்கு இருந்த தொடர்பும் தளர்ந்திருந்தது. காலையிலிருந்து கழனியில் வேலை செய்துவிட்டு, ராத்திரி கண்விழித்து, நாலு மணிக்குக் கோணிமேல் உட்கார்ந்திருக்கும் ஆயாவுக்கும் அப்படித்தான் இருந்திருக்கும். மனசுக்குக் காவல் இருப்பவன் களைத்துப்போன நேரம் பார்த்து ராஜா கம்பளியைப் போர்த்திக்கொண்டு வருகிறார்.

அவர் வாய் திறக்காமலேயே அழுகை வந்தது எப்படி? நூறாண்டுக்கு முன் ரஷ்யத் திரைப்பட இயக்குநர் கூலெஷோவ் காட்டிய வித்தை நினைவுக்கு வருகிறது. உணர்ச்சி காட்டாத ஒரு நடிகனின் முகத்தை ஒரு கிண்ணம் சூப்புக்கு அடுத்தும், ஒரு சவப்பெட்டிக்கு அடுத்தும் ஒட்டிக் காட்டினார். பார்த்தவர்கள் ஒரே முகத்தில் பசியையும் துக்கத்தையும் கண்டார்கள். கண் பார்ப்பது பாதிதான்; மீதியை மூளை முன்னே பின்னே நடந்ததை வைத்து நிரப்பிக்கொள்ளும். நாலு மணி நேரமாக அந்தத் தலைமேல் கிரீடத்தைப் பார்த்த மூளை, வெறுந்தலையைக் கண்டதும் இல்லாத கிரீடத்தைத்தான் காண்கிறது. இரவின் முதல் பாதியில் கூத்து செலவிட்ட மரமும் கண்ணாடியும் சிவப்பும் தீயும் இந்த வெறுமைக்காகப் போட்ட முதல். கூத்தை இரண்டு மணி நேரமாகச் சுருக்கி மேடைகளில் காட்டும்போது மயான காண்டம் ஏன் உயிரில்லாமல் நிற்கிறது என்பது எனக்கு அப்போதுதான் புரிந்தது. முதல் போடாமல் வட்டி வராது.

கதைக்குள்ளேயும் இதே விஷயம் இருக்கிறது. சந்திரமதியின் தாலி அவள் கணவனைத் தவிர வேறு யார் கண்ணுக்கும் தெரியாது என்பது வரம். மயானத்தில், கூலி கொடுக்க ஒன்றுமில்லை என்று அவள் அழும்போது, கழுத்தில் தாலி இருக்கிறதே என்கிறான் காவல்காரன். அதைப் பார்க்க முடிந்தவன் யார் என்று அவளுக்குத் தெரிந்துபோகிறது. ஒரு சபையே பார்க்க முடியாத ஒன்றை ஒருவன் பார்க்கிறான். எதிரே, ஒருவரும் அணியாத கிரீடத்தை ஒரு ஊரே பார்த்துக்கொண்டிருக்கிறது.

நான் பார்த்த கூத்தில் சந்திரமதி வேஷம் கட்டியவர் ஓர் ஆண். நாற்பது வயதிருக்கும். லோகிதாசனை மடியில் போட்டு அவர் ஒப்பாரி வைத்தபோது மிருதங்கம் நின்றுவிட்டது. குரல் மட்டும். 1988-இல் கிரெக் அர்பன் என்ற மானுடவியலர் பிரேசில் பழங்குடிகளின் ஒப்பாரியைப் பதிவுசெய்து, அழுகையை அழுகையாகக் காட்டும் அடையாளங்கள் நான்கைப் பிரித்துக் காட்டினார்: தொண்டையில் முறியும் குரல், ஒலியோடு உள்ளே இழுக்கும் மூச்சு, கரகரப்பு, உச்சிக்கு ஏறும் உயிரொலி. நம் ஊர் எழவு வீட்டில் இருந்தவர்களுக்கு இந்த நான்கும் தெரியும். அந்த நாற்பது வயது ஆணின் தொண்டையில் நான்கும் இருந்தன. சொல் புரியாத குழந்தைகூட விழித்துக்கொண்டு தாயைக் கட்டிக்கொண்டது.

பாம்பு கடித்துச் சாகும் பிள்ளை இந்த ஊர்க்காரர்களுக்குப் புராணச் செய்தி இல்லை. 2000 முதல் 2019 வரையிலான இருபது ஆண்டுகளில் இந்தியாவில் பாம்புக்கடியால் இறந்தவர்கள் ஏறக்குறைய 12 லட்சம் என்று 2020-இல் வெளியான ஓர் ஆய்வு கணக்கிட்டது. ஆண்டுக்குச் சராசரி 58,000. பெரும்பாலும் கிராமத்தில். தமிழ்நாடு அரசு 2024 நவம்பரில் பாம்புக்கடியை அரசுக்குக் கட்டாயம் தெரிவிக்க வேண்டிய நோயாக அறிவித்தது. அந்தக் கழனியைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர்களில் எத்தனை பேர் வரப்பில் ஒருவரைப் பறிகொடுத்தவர்களோ. பக்கத்திலிருந்த ஆயாவிடம் அதைக் கேட்க எனக்கு வாய் வரவில்லை.

கூட்டம் சேர்ந்து அழுவதைப் பற்றியும் ஒரு செய்தி. திரௌபதி அம்மன் திருவிழா தீமிதியில் முடியும். ஸ்பெயினில் சான் பெத்ரோ மன்ரீக் என்ற ஊரிலும் தீமிதி உண்டு. அங்கே தீ மிதித்தவர்கள், பார்த்தவர்கள் இரு தரப்பின் இதயத்துடிப்பையும் அளந்த ஆய்வு 2011-இல் வந்தது. தீயில் இறங்கியவரின் இதயம் ஏறி இறங்கியபடியே, கரையில் நின்ற அவருடைய உறவினர், நண்பர்களின் இதயமும் ஏறி இறங்கியது. வேடிக்கை பார்க்க வந்த வெளியூர்க்காரரின் இதயத்தில் அந்த ஒத்திசைவு இல்லை. கூத்தில் யாரும் அப்படி அளந்து பார்த்ததாக நான் அறியவில்லை. ஆனால் ஆடுபவரின் சித்தப்பாவும் மச்சானும் கூட்டத்தில் உட்கார்ந்திருக்கும் ஒரு கழனியில் என்ன நடக்கும் என்று ஊகிக்க இது போதும்.

தமிழில் கட்டைக்கு இன்னும் இரண்டு பொருள் உண்டு. விறகும் கட்டை, நம் உடம்பும் கட்டை. "இந்தக் கட்டை எப்ப வேகுமோ" என்று வயசானவர்கள் சொல்வார்கள். மயான காண்டம் அந்த இரண்டு கட்டைகளுக்கும் நடுவே நடக்கிறது. ஓர் உடல் எரிய முந்நூறு கிலோவுக்கு மேல் விறகு வேண்டும், ஏனென்றால் உடலில் பாதிக்கு மேல் தண்ணீர். அது போன பிறகுதான் மற்றது எரியும். சூட்டில் தசையின் புரதம் முட்டை வேகிற மாதிரி இறுகிச் சுருங்கும். கை கால்களை மடக்கும் தசைகள் நீட்டும் தசைகளைவிட வலுவானவை. அதனால் எரியும் உடல் முழங்கையும் முழங்காலும் மடங்கி மேலெழும்பும். பிணம் எழுந்து உட்கார்ந்தது என்று ஊரில் சொல்லும் கதைகளுக்கு அடிப்படை இதுதான். அதைத் தணித்து நெருப்புக்குள் வைக்க ஒரு கோல் தேவை. செங்கோல் பிடித்த கைக்கு அரிச்சந்திரன் கதை கொடுக்கும் கோல் இது. ஆடுபவர் அதைத் தரையில் ஒருமுறை தட்டினார். கூட்டம் நிமிர்ந்து உட்கார்ந்தது.

தமிழ்நாட்டின் பல சுடுகாடுகளுக்குப் போகும் வழியில் அரிச்சந்திரன் கோயிலோ அரிச்சந்திரன் கல்லோ இருக்கும். பாடையை அங்கே இறக்கி, அந்த ராஜாவிடம் அனுமதி கேட்டபிறகுதான் உள்ளே தூக்கிப் போவார்கள். ராஜா செய்த வேலை என்பதற்காக அவருக்குக் கற்பூரம் கொளுத்துகிறோம். அதே வேலையைத் தலைமுறை தலைமுறையாகச் செய்யும் மனிதரை வாசலோடு நிறுத்துகிறோம். விடிய விடியக் கூத்து பார்த்து அழுதுவிட்டு வீட்டுக்குப் போகும் வழியில் அவரைப் பார்த்தால் ஒதுங்கிப் போகிறவர்களும் இருக்கிறார்கள். இது தவறு. கூத்து சொல்வதைக் கேட்கவில்லை என்றுதான் அர்த்தம்.

இன்று கூத்துக்களரியில் நாலு மூலையிலும் எல்இடி விளக்கு. அதன் வெள்ளை வெளிச்சம் எல்லா இடத்திலும் ஒரே மாதிரி விழுவதால் முகத்தில் நிழலே இல்லை. கண்ணாடித் துண்டுகள் மினுக்குவதுமில்லை. குழாய் ஒலிபெருக்கிகள் எல்லாக் குரலையும் ஒரே உயரத்துக்கு இழுத்துவிடுகின்றன. ஒப்பாரியில் முறியும் குரலும் உள்ளிழுக்கும் மூச்சும் அந்த இரைச்சலில் அடிபட்டுப்போகின்றன. கலைஞர்களைக் குறை சொல்ல மாட்டேன். கூட்டம் கேட்கிறது, ஊர் கேட்கிறது, அவர்கள் பிழைக்க வேண்டும். நல்ல வெளிச்சமும் ஒலிபெருக்கியும் அவர்களின் தொண்டையைக் காப்பாற்றுகின்றன என்பதும் உண்மை. அவை இரவு முழுக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை.

கூத்து வைக்கும் ஊர்ப் பெரியவர்களுக்கு ஒரே ஒரு வேண்டுகோள். மயான காண்டம் நடக்கும் ஒரு மணி நேரம் மட்டும் ஒலிபெருக்கியை அணைத்து, விளக்கில் மூன்றை நிறுத்திப் பாருங்கள். காற்று அடங்கிய இரவாக இருந்தால் கடைசி வரிசை வரை கேட்கும். கூத்துக்குப் போகிறவர்களுக்கும் ஒன்று: பன்னிரண்டு மணிக்கு எழுந்து வந்துவிடாதீர்கள். ஒரு கோணியும் போர்வையும் எடுத்துக்கொண்டு போங்கள். ராஜா வருவது நாலு மணிக்கு.